காத்திருப்பு மாதம் இன்னும் முடியவில்லை

உங்கள் சுவரில் தொங்கும் தினசரிக் காலண்டரில் இரண்டு தாள்கள் கிழிக்கப்படாமல் இருக்கின்றன. குறையாகச் சொல்லவில்லை. காவல் நிலையத்தில் அதைக் காட்டிலும் அவசரமான வேலைகள் இருக்கும் என்பதை அறிவேன். காபிக்கு நன்றி. அன்னவாசல் எனக்குச் சொந்த ஊர். சிறுவயது முதல் இந்தக் கட்டடத்தைக் கடந்து போயிருக்கிறேனே தவிர, உள்ளே வந்ததில்லை. இவ்வளவு மரியாதையாக நடத்துவீர்கள் என்று தெரிந்திருந்தால் முன்பே ஒருமுறை வந்திருப்பேன்.

நான் வந்தது ஓர் ஆட்சேபணையைப் பதிவு செய்வதற்காக. ஆவூரில் டிராயிங் மாஸ்டராக இருக்கும் பங்கிராஸ் அவர்களுக்காக, வரும் சனிக்கிழமை இறந்தோர் பூசை வைக்கப்போவதாக அவருடைய மனைவி அருளம்மாள் சொல்கிறார். கல்லறைத் தோட்டத்தில் பெயர் பொறித்த கல்லொன்றும் நடப்போகிறாராம். அதை நீங்கள் தலையிட்டு நிறுத்த வேண்டும். மாஸ்டர் இறக்கவில்லை.

அது உங்களுக்கு எப்படித் தெரியும் என்று கேட்டீர்கள். நியாயமான கேள்வி. அதற்கு விடை சொல்லச் சிறிது நேரம் பிடிக்கும். இதோ எழுதிக்கொண்டிருக்கும் ஏட்டு தங்கமுத்து அவர்களிடம் முன்கூட்டியே மன்னிப்புக் கேட்டுக்கொள்கிறேன். மாஸ்டர் எழுதிய தொடரை அவரும் படித்திருக்கிறார் என்பது பெரிய அனுகூலம். ஆனால் நீங்கள் படித்ததில்லை என்கிறீர்கள். ஆகவே முதலிலிருந்தே தொடங்குகிறேன்.

என் பெயர் ஆத்மநாதன். புதுக்கோட்டையில் ஒரு கல்லூரியில் தமிழ் கற்பிக்கிறேன். என் துறை புதுமுறைத் திறனாய்வு. நம் மொழியில் இத்துறை இப்போதுதான் தவழத் தொடங்கியிருக்கிறது. அதன் முதற்பாடம் எளியது. படைப்பு அச்சேறிய பிறகு அதை எழுதியவரும் ஒரு வாசகரே. பல வேளைகளில் சற்றுக் கவனக் குறைவான வாசகர். அவர் என்ன சொல்ல நினைத்தார் என்பது திறனாய்வாளனுக்குப் பொருட்டல்ல. படைப்பு என்ன சொல்கிறது என்பதே பொருட்டு. மாணவர்களுக்கு இதை நான் ஒவ்வோர் ஆண்டும் முதல் வகுப்பிலேயே சொல்லிவிடுவேன். அவர்களும் மகிழ்ச்சியோடு கேட்டுக்கொள்வார்கள், எழுத்தாளரின் வாழ்க்கை வரலாற்றை மனப்பாடம் செய்ய வேண்டியதில்லை என்பதால்.

சென்ற ஆண்டுப் பங்குனியில் அரசாங்கம் சக ஆண்டுக் கணக்கைத் தேசியக் காலண்டராக அறிவித்தது நினைவிருக்கும். அதற்குச் சில நாள்களில் நயா பைசாவும் வந்தது. காசும் மாறி மாதமும் மாறியதில் ஊர் முழுக்க ஒரே வேடிக்கைப் பேச்சு. அச்சகம் வைத்து மாத இதழ் ஒன்று நடத்தும் நல்லதம்பியின் அறையில்தான் நாங்கள் கூடுவோம். அங்கே ஒருநாள் பங்கிராஸ் மாஸ்டர், “எங்க ஊர்ல ஈஸ்டர் எப்பன்னு சாமியார் சொன்னாத்தான் தெரியும். வருசா வருசம் அது நகந்துக்கிட்டே இருக்கும். திருநாளே நகரும்போது மாசம் நகரக் கூடாதாங்க?” என்றார். நல்லதம்பி சிரித்துக்கொண்டே, அப்படி ஒரு மாசத்தை நீங்களே போட்டு எழுதுங்களேன் என்றார். அடுத்த இதழிலேயே தொடர் ஆரம்பமாயிற்று.

தொடரில் வருவது நெடுங்கரை நாடு என்னும் கற்பனை நாடு. அங்கே நாள்களுக்கு எண் கிடையாது. ஒரு மாதம் என்பது ஒரு செயல். அந்தச் செயல் தொடங்கும்போது மணியடித்து மாதம் பிறந்ததாக அறிவிப்பார்கள். செயல் முடியும்போதுதான் மாதம் முடியும். விதைப்பு மாதம் நாட்டின் கடைசி வயலும் விதைக்கப்படும் வரை நீடிக்கும். சண்டை மாதம் சண்டையிட்டவர்கள் சமாதானமாகும் வரை நீடிக்கும். சிரிப்பு மாதம் ஒன்று உண்டு. நாட்டிலேயே மிகவும் சிடுசிடுப்பான சுங்க அதிகாரி சிரித்தால்தான் அது முடியும். அவரைச் சிரிக்க வைக்க ஊரே படும் பாடு ஓர் அத்தியாயம் முழுவதும் வரும். நீங்கள் அதைப் படிக்க வேண்டும், ஐயா. உங்களுக்கும் பிடிக்கும்.

இந்தக் காலக்கணக்கில் ஒரே ஒரு சட்டம். நடப்பு மாதம் முடியாமல் அந்நாட்டில் எவரும் இறப்பதில்லை. விதைப்பு மாதத்தில் மலையன் என்ற பயில்வான் நோயில் விழுகிறான். மாதம் முடிந்த கணத்தில் அவன் உயிர் போய்விடும் என்று மருத்துவர் சொல்லிவிடுகிறார். எல்லோரும் விதைத்து முடிக்கிறார்கள். கூத்தன் என்ற சோம்பேறி மட்டும் தன் துண்டு வயலை விதைக்காமல் திண்டில் சாய்ந்து கிடக்கிறான். ஊர் அவனைத் திட்டுகிறது. கல்லெறிகிறது. அவன் கொட்டாவி விடுகிறான். அத்தியாயத்தின் கடைசிப் பத்தியில்தான் நமக்குத் தெரிகிறது, மலையன் அவனுடைய பால்ய நண்பன் என்பது. ஒரு வேலையைச் செய்யாமல் இருப்பதன் மூலம் கூத்தன் ஓர் உயிரைக் காப்பாற்றிக்கொண்டிருக்கிறான். தங்கமுத்து அவர்கள் தலையசைக்கிறார்.

தொடர் இந்தச் சீமை முழுக்கப் பரவியது. கீரனூர் பேருந்தின் நடத்துநர், “இது ஏறுற மாசம்ங்க. எல்லாரும் ஏறி முடிஞ்சாத்தான் வண்டி நகரும், வாச்சைப் பாக்காதீங்க” என்று சொல்வதை நானே கேட்டேன். அருளம்மாளோ, தொடரை ஒருவரிகூடப் படித்ததில்லை என்று சொல்லிக்கொண்டே, எங்களுக்கு இலை போடும்போது, “இன்னைக்கு ரச மாசம் தம்பி. இந்தச் சட்டி தீர்ற வரைக்கும் வேற கொழம்பு பொறக்காது” என்பார். மாஸ்டர் என்னைப் பார்த்துக் கண்ணடிப்பார். மகிழ்ச்சியான காலம் அது.

அந்தத் தொடரை நான் வெறுமனே ரசிக்கவில்லை. அதைப் பற்றி ஒரு நூல் எழுதினேன். நம் காலத்தில் தோன்றிய ஒரு புனைவைப் பற்றி முழுமையான திறனாய்வு நூல் எழுதப்படுவது இந்த வட்டாரத்தில் அதுவே முதல்முறை என்று நல்லதம்பி சொன்னார். தொடரின் கடைசி மாதமான காத்திருப்பு மாதமே என் நூலின் மையம். உப்பு வணிகன் ஒருவன் மனைவியிடம் “வந்துவிடுகிறேன்” என்று சொல்லிப் புறப்படுகிறான். அந்தச் சொல்லோடு காத்திருப்பு மாதம் பிறக்கிறது. அவன் திரும்பி வந்து, அவனுடைய முகத்தை அவள் பார்த்தாலோ குரலைக் கேட்டாலோதான் அது முடியும். அவன் வரவில்லை. நாடு முழுவதும் அந்த மாதத்திலேயே நிற்கிறது. யாருக்கும் நரைப்பதில்லை. யாரும் சாவதில்லை. வணிகன் ஒருபோதும் வர மாட்டான், வர முடியாது, அந்த வராமைதான் அந்நாட்டின் நித்தியம் என்பதை நான் நான்கு இயல்களில், படைப்பின் உள்ளிருந்தே சான்று காட்டி, நிறுவியிருந்தேன். நான்கு இயல்களும் அச்சுக் கோக்கப்பட்டுவிட்டன.

இந்தச் சித்திரையில், அச்சகத்தில், மாஸ்டர் சாதாரணமாகச் சொன்னார்: “தம்பி, போதுங்க. அஞ்சாறு மாசமா அந்தப் பொண்ணு வாசல்லயே நிக்கிது. எனக்கே கால் வலிக்கிது. அடுத்த இதழ்ல புருசன் வந்துருவான். மாசம் முடிஞ்சிச்சு, எல்லாரும் சாப்பிட்டாங்க, சுபம்.”

அது படைப்புக்குப் பொருந்தாது என்று எடுத்துச் சொன்னேன். மாதம் முடிந்தால் அதுவரை தேங்கி நின்ற சாவெல்லாம் அந்தக் கணமே வந்து சேரும். அந்நாட்டில் ஒரு கிழவரும் நோயாளியும் மிஞ்சமாட்டார்கள். சுபம் என்று போட முடியாது என்றேன். அவர் சிறிது யோசித்தார். அட ஆமாங்க, அதைக் கண்டுக்காம விட்டுருவோம் என்றார். கண்டுகொள்ளாமல் விடுவதாம். நான் என் நூலைப் பற்றி நினைவூட்டினேன். அவர் என் தோளில் தட்டினார்.

“நான் போட்ட மாசந்தானே தம்பி. நானே முடிச்சிட்டுப் போறேன்.”

நல்லதம்பி, “ரெண்டு பேரும் வெளிய போயி சண்டை மாசம் ஆரம்பிங்க. இங்க மெசின் ஓடணும்” என்று எங்களை விரட்டினார். மூவரும் சிரித்தோம். நான் சிரித்தது உண்மையான சிரிப்பு. அதை நீங்கள் குறித்துக்கொள்ளலாம். எனக்கு மாஸ்டர் மீது அன்றும் இன்றும் ஒரு துளிக் கோபம் கிடையாது.

மாஸ்டருக்கு ஒரு வழக்கம் உண்டு. எதை எழுதப்போகிறாரோ அதில் ஒருமுறை இருந்து பார்க்காமல் எழுத மாட்டார். சந்தையை எழுதுவதற்கு முன் ஒரு பொழுது முழுவதும் சந்தையில் வெங்காய மூட்டைமேல் உட்கார்ந்திருந்தார். மணியடிக்கும் குருடனை எழுதியபோது கண்ணைக் கட்டிக்கொண்டு வீட்டுக்குள் நடந்து, அருளம்மாளின் ஊறுகாய் ஜாடியை உடைத்தார். இப்போது உப்பு வணிகன் ஏன் இத்தனை காலம் வரவில்லை என்பதற்கு அவர் ஒரு காரணம் கண்டுபிடித்திருந்தார். வழியில் ஒரு வறண்ட கிணற்றில் விழுந்துவிட்டான். ஆகவே வறண்ட கிணறொன்றில் அவர் இறங்கி உட்கார வேண்டும். எங்கேயாவது தெரியுமா என்று என்னிடம் கேட்டார். தெரியும் என்றேன்.

இடத்தைக் கடைசியில் சொல்கிறேன். கட்டுரையில் மேற்கோள் விவரம் கடைசியில் வருவது போல.

எங்கள் தோட்டத்துக் கமலை வடத்தை அவிழ்த்துச் சுருட்டிக்கொண்டேன். காளைகள் பூட்டித் தண்ணீர் இறைக்கும் கயிறு அது; ஒரு டிராயிங் மாஸ்டரைத் தாங்காதா. பேருந்தில் ஏறியபோது நடத்துநர், “வடம் மட்டும் ஏறுது, மாடு பின்னாடி வருதாங்க?” என்றார். மாஸ்டர், “மாடு ரெண்டும் ஏறி ஒக்காந்திருச்சு, டிக்கெட்டப் போடுங்க” என்றார். வண்டியே சிரித்தது. வழி நெடுக அவர் உற்சாகமாகவே இருந்தார். அருளம்மாள் கட்டிக் கொடுத்த முறுக்கில் எனக்கும் பாதி தந்தார்.

கிணற்று மேட்டில் செருப்பைக் கழற்றி வைத்தார். பாறையில் வழுக்கும் என்று. துணிப்பையையும் மேலேயே வைத்துவிட்டு, ஒரு கூஜாத் தண்ணீரை மட்டும் இடுப்பில் கட்டிக்கொண்டு இறங்கினார். பக்கத்து வேம்பில் வடத்தைக் கட்டி நான் பிடித்துக்கொண்டேன். கீழே போய்ச் சேர்ந்ததும், தரை நன்றாக இருப்பதாகவும், ஓணான் ஒன்று துணைக்கு இருப்பதாகவும் தெரிவித்தார்.

“கயித்த மேல இழுத்துக்கங்க தம்பி. கயிறு கண்ணுல பட்டுக்கிட்டே இருந்தா பயம் வராது. பயம் வராம எப்புடி எழுதுறது? சாயங்காலமா வாங்க.”

நான் வடத்தை இழுத்துச் சுருட்டினேன். பிறகு, வழக்கமாக எவரும் சொல்வதைத்தான் சொன்னேன். “வந்துவிடுகிறேன், மாஸ்டர்.”

கீழிருந்து அவருடைய சிரிப்பு வந்தது. “ஆரம்பிச்சுட்டீங்களே தம்பி மாசத்தை.”

பாருங்கள், ஐயா. அதைச் சொன்னது அவர். மாதம் பிறந்துவிட்டது என்று முதலில் அறிவித்தவர் அந்தக் காலக்கணக்கை உருவாக்கியவரே. நான் அதுவரை அந்தக் கோணத்தில் எண்ணிப் பார்த்திருக்கவில்லை. அல்லது எண்ணியிருந்தேனோ என்னவோ. எண்ணியதற்கும் எண்ணாததற்கும் இடையே உள்ள எல்லையைத் திறனாய்வில் நாங்கள் அவ்வளவாகப் பொருட்படுத்துவதில்லை. வடத்தைத் தோளில் போட்டுக்கொண்டு சாலைக்கு நடந்தபோது எனக்கு எல்லாம் மிகத் தெளிவாக விளங்கியது. நான் சாயங்காலம் திரும்பிப் போனால் மாதம் முடிந்துவிடும். அவர் மேலே வந்து, அந்தத் தவறான அத்தியாயத்தை எழுதுவார். நெடுங்கரை நாட்டில் அத்தனை பேரும் செத்துப்போவார்கள், கண்டுகொள்ளாமல் விடப்படுவார்கள். நான் போகாவிட்டால் எவருக்கும் ஒன்றும் ஆகாது. மாஸ்டருக்கும்தான்.

நான் கூத்தன். என் வயலை விதைக்காமல் விட்டேன். அவ்வளவுதான் நான் செய்தது.

தங்கமுத்து அவர்கள் பேனாவைக் கீழே வைத்துவிட்டார். மை தீர்ந்திருக்கும். என் பேனாவைத் தருகிறேன், வாங்கிக்கொள்ளுங்கள்.

அவரை நான் கவனிக்காமல் விட்டுவிட்டதாக நினைக்க வேண்டாம். மறுநாள் காலையே போனேன். அதற்கு அடுத்தடுத்த நாள்களும் போனேன். ஆனால் கிணற்றருகே போகவில்லை. முகம் தெரிந்தாலோ குரல் கேட்டாலோ வருகை என்றாகிவிடும் என்பது விதி. சற்றுத் தள்ளி ஒரு பனை நிற்கிறது. அதற்கு இப்பால் நிற்பதை வருகை என்று எந்த வாசகரும் சொல்ல மாட்டார். பனையின் நிழல் நகர நகர நானும் நகர்ந்து உட்கார்ந்து, என் நூலின் அச்சுப்படிகளைத் திருத்தினேன். அவ்வளவு பிழையற்ற திருத்தத்தை நான் வேறெங்கும் செய்ததில்லை. வீட்டில் கவனம் சிதறும்.

அவர் பேசுவது அங்கே நன்றாகக் கேட்டது. முதல் நாள் வேடிக்கையாகத்தான் பேசினார். “தம்பி, மாசம் முடிஞ்சுபோச்சு, கயித்தப் போடுங்க. ஓணானுக்குக்கூட என்னைய சலிச்சுப்போச்சு.” நான் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தேன். பிறகு பாட்டுகள் பாடினார். ஏசுவின் பாடுகளைச் சொல்லும் பாஸ்கா நாடகத்தில் வரும் பாட்டுகள்.

மறுநாள் அவர் சொன்னதை அப்படியே எழுதிக்கொள்ளுங்கள். என் நூலுக்கு முக்கியமானது. “தம்பி, நீங்க சொன்னதுதாங்க சரி. அவன் வரமாட்டான். வரவே கூடாது. நான் எழுதலை, சத்தியமா எழுதலை. கயித்த மட்டும் போடுங்க தம்பி.”

தன் படைப்பைப் பற்றித் திறனாய்வாளன் சொன்னதே சரி என்று ஓர் எழுத்தாளர் வாய்விட்டு ஒப்புக்கொள்வது எவ்வளவு அரிது என்பது உங்களுக்குத் தெரிந்திருக்க நியாயமில்லை. எனக்குக் கண் கலங்கிவிட்டது. முன்னுரையில் சேர்த்துவிடலாமா என்றுகூட எண்ணினேன். பிறகு மனத்தை அடக்கிக்கொண்டேன். கிணற்றுக்குள் இருக்கும் ஒருவர் நெருக்கடியில் சொல்லும் ஒப்புதலை ஆய்வில் சான்றாகக் கொள்ளலாகாது. உங்கள் துறையிலும் அப்படித்தான் என்று நினைக்கிறேன்.

அதற்கடுத்த நாள் அவர் அருளு, அருளு என்று மட்டும் கூப்பிட்டார். அதற்குப் பிறகு பேசவில்லை. என் மூன்றாம் இயலில் இதை முன்பே சொல்லியிருக்கிறேன்: காத்திருப்பின் முதல் நிலை பேச்சு, இரண்டாம் நிலை வேண்டுதல், முதிர்ந்த நிலை மௌனம். வணிகனின் மனைவியும் இப்படித்தான் ஒரு கட்டத்தில் பேச்சை நிறுத்துகிறாள். கோட்பாடு இவ்வளவு துல்லியமாக மெய்ப்படும் என்று நானே எதிர்பார்க்கவில்லை. அன்று நல்ல மனநிறைவோடு வீட்டுக்கு வந்து, வடத்தைக் கழுவிக் காயவைத்தேன்.

இதற்கிடையே ஆவூரில் தேடத் தொடங்கிவிட்டார்கள். பாவம், ஆள்கள் வெயிலில் மலை மலையாக ஏறி இறங்கினார்கள். நானும் உடன் போனேன். அந்தச் சிரமத்தைக் குறைக்கத்தான், முகமும் குரலும் காட்டாமல் ஒரே ஒருமுறை கிணற்று மேட்டுக்குப் போய், செருப்பையும் துணிப்பையையும் எடுத்துக்கொண்டு மீமிசல் கடற்கரைக்குப் பேருந்து ஏறினேன். அலை வந்து போகும் இடத்துக்குச் சற்று மேலே அவற்றை வைத்தேன். கடலைப் பற்றி எழுத வேண்டும் என்று மாஸ்டர் பலரிடம் சொல்லியிருந்ததால் அது எல்லோருக்கும் இயல்பாகப் பட்டது. கரையில் வலை காய்ந்துகொண்டிருந்தது. காற்று சுகமாக இருந்தது. வந்த வேலை முடிந்த பிறகும் சிறிது நேரம் உட்கார்ந்திருந்தேன். இந்தச் செயலை மட்டும் நான் பிழை என்று ஒப்புக்கொள்கிறேன். கலை நோக்கில் பிழை. முடிவில்லாத ஒன்றுக்கு நானே ஒரு முடிவைக் கொடுத்துவிட்டேன். அதைப் பிறர் நம்பியும் விட்டார்கள்.

முந்தாநாள் அருளம்மாளைப் பார்த்து ஆறுதல் சொல்லப் போயிருந்தேன். அவர் அழவில்லை. புளி கரைத்துக்கொண்டிருந்தார்.

“அவருக்குக் கால்ல ஆணி, தம்பி. கோயிலத் தவிர எங்கயும் செருப்பக் கழட்ட மாட்டாரு. கடக்கரை மணல்ல, அதும் இந்த வெயில்ல, கழட்டுவாராங்க?”

கழற்றியிருக்கலாம், எழுத்தாளர்கள் மனம் போனபடி நடப்பவர்கள் என்றேன். அவர் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு கையைக் கழுவிக்கொண்டு வந்து, மிகவும் சாந்தமாகச் சொன்னார்.

“சரி, ஊரு சொல்றதுதானே. சனிக்கெழமை பூசைக்குச் சொல்லிட்டேன். கல்லுக்கும் சொல்லியாச்சு. கல்லுல போட ஒரு தேதி வேணும் தம்பி. அவரு என்னைக்குச் செத்தாருன்னு நீங்களே சொல்லுங்க. நீங்க சொல்றதுதான் சரியா இருக்கும்.”

ஐயா, அந்த வேண்டுகோள் என்னை மிகவும் துன்புறுத்தியது. நெடுங்கரைக் கணக்கை உலகுக்குத் தந்தவருக்கு, சித்திரையோ ஏப்ரலோ சக ஆண்டோ, ஏதோ ஒரு கணக்கிலிருந்து ஓர் எண்ணைப் பிடுங்கிக் கல்லில் அடிப்பதா? எண் பொறித்தாயிற்று என்றால் மாதம் முடிந்ததாகப் பொருள். மாதம் முடிந்தால் அவர் இறந்தவராகிவிடுவார். இவ்வளவு நாள் நான் பனைமரத்தடியில் உட்கார்ந்து பாதுகாத்தது ஒரு கல்தச்சனின் உளியில் வீணாகும். இரண்டு நாள் பொறுத்துப் பார்த்தேன். உறக்கம் வரவில்லை. இன்று காலை எழுந்து, தலைசீவி, இங்கே வந்துவிட்டேன். மாஸ்டர் இறந்தார் என்று அறிவிக்க அருளம்மாளுக்கு உரிமை இல்லை. அவர் காத்திருப்பவர் மட்டுமே. உரிமை இருப்பது வர வேண்டியவனுக்கு. அதாவது எனக்கு. நான் போகவில்லை. இனியும் போவதாக இல்லை.

என்ன சொல்கிறீர்கள்? மன்னியுங்கள், மறுபடி சொல்லுங்கள்.

ஆவூர்க் கோயிலில் அப்படி ஒரு பூசைக்கு எவரும் சொல்லவே இல்லையா? கல்லுக்கும் சொல்லவில்லையா? நேற்றே அருளம்மாள் இங்கே வந்து உங்களைப் பார்த்துவிட்டுப் போனாரா? “அந்தத் தம்பி தானா வருவாருங்க. அடிக்காதீங்க, அதட்டாதீங்க. ஒக்கார வச்சு ஒரு வாய் காப்பி குடுங்க. எல்லாத்தையும் அழகா, வரிசையாச் சொல்லுவாரு.” இப்படியா சொன்னார்? அவருடைய குரலிலேயே சொல்கிறீர்கள்.

தொடரை ஒருவரிகூடப் படித்ததில்லை என்று சொன்னவர். என்னையும் அல்லவா படித்திருக்கிறார். நூல் வெளிவரும்போது அவருக்கு ஒரு படி கட்டாயம் அனுப்பச் சொல்லி நல்லதம்பியிடம் சொல்ல வேண்டும்.

எனக்கு வருத்தமில்லை. யோசித்துப் பார்த்தால் இது நல்ல செய்தி. பூசை இல்லையென்றால் தேதியும் இல்லை. என் ஆட்சேபணை ஏற்கப்பட்டதாகவே கொள்கிறேன். இனி இடத்தைச் சொல்வதில் எனக்குத் தடை கிடையாது. ஒரு வேண்டுகோள் மட்டும். நீங்கள் போனால் அது என் வருகை ஆகாது. ஆகையால் மாதமும் முடிவடையாது. உங்கள் அறிக்கையில் அதைத் தெளிவாகக் குறிப்பிட்டுவிடுங்கள். மாஸ்டர் பேசாமல் இருப்பார். அதைத் தவறாகப் புரிந்துகொள்ள வேண்டாம்.

நார்த்தாமலை அடிவாரத்தில், உடையப்பன் என்பவர் தோண்டிப் பாறை கண்டு கைவிட்டுவிட்டு மலேயாவுக்குப் போன கிணறு. வழி கேட்க அங்கே ஆள் கிடைக்காது. அதற்காகத்தான் அதைத் தேர்ந்தெடுத்தேன். ஆனாலும் சிரமமிருக்காது. கீரனூர் சாலையில் வண்டியை நிறுத்தி மலைப்பக்கம் வானத்தைப் பாருங்கள். பிணந்தின்னிக் கழுகுகள் ஓரிடத்திலேயே வட்டமிட்டுக்கொண்டிருக்கும். இந்தச் சீமையில் அந்தத் தொடரைப் படிக்காதவை அவை மட்டும்தான்.